விற்பனையா, அடமானமா? நிலப் பத்திரத் தகராறுகளைப் புரிந்துகொள்ள ஓர் எளிய விளக்கம்

கோலாலம்பூரிலும் பினாங்கிலும் நம்மவர் குடும்பங்களில் நிலத் தகராறு பற்றிப் பேச்சு எழும்போது, இரண்டு கருத்துகள் உடனே சொல்லப்படுவதைக் கேட்கலாம். "கையெழுத்துப் போட்டாயிற்று, கிராண்டில் (நில உரிமைப் பத்திரத்தில்) பெயரும் மாறிவிட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது" என்பது ஒன்று. "கடனுக்காகத்தானே எழுதிக் கொடுத்தோம், பணத்தைக் கட்டினால் நிலம் திரும்பி வந்தே ஆக வேண்டும்" என்பது மற்றொன்று. இரண்டுமே உறுதியான குரலில் சொல்லப்படுகின்றன; இரண்டிலும் பாதி உண்மைதான் இருக்கிறது. முதல் கருத்தை நம்பி வழக்குத் தொடுக்காமலே வீட்டை விட்டுக் கொடுத்தவர்கள் இருக்கிறார்கள். இரண்டாவது கருத்தை நம்பி ஆண்டுக்கணக்கில் காத்திருந்து, கடைசியில் காலம் கடந்துவிட்டது என்ற பதிலைப் பெற்றவர்களும் இருக்கிறார்கள். ஆகவே, ஒரு பத்திரம் விற்பனையா அல்லது கடனுக்கான பிணையா என்ற கேள்வியை மலேசியச் சட்டம் எப்படி அணுகுகிறது என்பதை, சட்டம் படிக்காதவரும் பின்தொடரும் வகையில், அடிப்படையிலிருந்து விளக்க முயல்கிறேன். இது தீபகற்ப மலேசியாவின் நிலங்களைப் பற்றியது. சபா, சரவாக் மாநிலங்களுக்குத் தனி நிலச் சட்டங்கள் உண்டு.

நகையை வைத்துப் பார்ப்போம்

பணம் தேவைப்படும் இருவர் ஆளுக்கொரு தங்கச் சங்கிலியை எடுத்துக்கொண்டு போகிறார்கள். ஒருவர் நகைக்கடையில் விற்றுவிடுகிறார். மற்றவர் அடகுக்கடையில் வைக்கிறார். இருவர் கையிலும் பணம் இருக்கிறது, இருவர் கழுத்திலும் சங்கிலி இல்லை. வெளியிலிருந்து பார்த்தால் வேறுபாடு தெரியாது. ஆனால் விற்றவர் யாருக்கும் எதுவும் தர வேண்டியதில்லை. நாளை தங்கம் விலை ஏறினாலும் இறங்கினாலும் அது கடைக்காரரின் கணக்கு. அடகு வைத்தவரோ கடன்காரர். பணத்தையும் வட்டியையும் கட்டினால் சங்கிலி அவருடையது, விலை ஏறிய பலனும் அவருடையதே.

இப்போது மூன்றாமவர் ஒருவர் வருகிறார். அவருக்கும் அடகுதான் வேண்டும். ஆனால் பணம் கொடுப்பவர், "அடகுச் சீட்டெல்லாம் வேண்டாம், எனக்கு விற்றதாக ஒரு ரசீதில் கையெழுத்துப் போடுங்கள், பணத்தைத் திருப்பிக் கொடுத்ததும் சங்கிலியைத் தந்துவிடுகிறேன்" என்கிறார். அவசரத்தில் அவரும் கையெழுத்திடுகிறார். சில ஆண்டுகளில் தங்கத்தின் விலை இரண்டு மடங்காகிறது. அப்போது ஒருவர் ரசீதைக் காட்டுகிறார். மற்றவர் கொடுக்கப்பட்ட வாக்கைச் சொல்கிறார். நிலத்தைப் பற்றிய தகராறும் இந்த மூன்றாமவரின் நிலையில்தான் பிறக்கிறது.

ஆக, விற்பனையில் உரிமை முழுமையாகக் கைமாறுகிறது, கடன் என்று எதுவும் மிஞ்சுவதில்லை. பிணையில் கடன் உயிரோடு இருக்கிறது. சொத்து அந்தக் கடனுக்குக் காவலாக நிற்கிறது. பிணை என்ற சொல்லை இந்தக் கட்டுரை முழுவதும் இந்தப் பொருளிலேயே பயன்படுத்துகிறேன்.

சட்டம் காட்டும் நேர்வழி

நிலத்தைப் பிணையாக வைத்துக் கடன் வாங்குவதற்குத் தேசிய நிலச் சட்டம் ஒரு தெளிவான வழியை வைத்திருக்கிறது. இச்சட்டம் 1965-இல் இயற்றப்பட்டு, 1966 ஜனவரி 1 முதல் நடப்பில் உள்ளது. 2020-இல் திருத்திப் பதிப்பிக்கப்பட்ட பின் சட்டம் 828 என்ற எண்ணைப் பெற்றது. அது காட்டும் வழியின் பெயர் சார்ஜ். நிலம் உரிமையாளரின் பெயரிலேயே இருக்கும். ஆனால் இன்னாருக்கு இந்த நிலத்தின்மீது கடன் உரிமை உண்டு என்ற குறிப்பு நில அலுவலகப் பதிவேட்டில் ஏறும். வங்கியில் வீட்டுக் கடன் எடுத்த ஒவ்வொருவரும், அறிந்தோ அறியாமலோ, 16ஏ படிவத்தில் இந்த சார்ஜுக்குத்தான் கையெழுத்திட்டிருப்பார்.

சார்ஜ் வைத்திருப்பவர் கடன் கட்டப்படவில்லை என்பதற்காக நிலத்தைத் தன் பெயருக்கு மாற்றிக்கொள்ள முடியாது. முதலில் 16டி படிவத்தில் அறிவிப்பு அனுப்பி, தவறைச் சரிசெய்ய அவகாசம் தர வேண்டும். அதன் பிறகு உயர்நீதிமன்றத்திடமோ நில நிர்வாகியிடமோ (எவரிடம் என்பது கிராண்டின் வகையைப் பொறுத்தது) விற்பனை ஆணை பெற வேண்டும். விற்பனை பொது ஏலத்தில் நடக்கும். ஏலம் முடிவதற்கு முன் எந்த நேரத்திலும் கடன்காரர் பாக்கியைக் கட்டி நிலத்தைக் காப்பாற்றலாம். ஏலத் தொகையில் கடன் போக மீதமிருந்தால் அது நில உரிமையாளருக்கே சேரும். இந்தக் கடைசி அம்சத்தை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். தகராறுகளில் பறிபோவது பெரும்பாலும் இந்த மீதித் தொகைதான்.

நேர்வழியை விட்டு ஏன் பெயர்மாற்றத்துக்குப் போகிறார்கள்?

வங்கி மறுத்துவிடுகிறது என்பதுதான் பெரும்பாலும் காரணம். பழைய கடன் பாக்கியால் கடன் பதிவேட்டில் பெயர் கெட்டிருக்கும். அல்லது வருமானத்துக்குச் சம்பளச் சீட்டு இருக்காது. அல்லது மருத்துவச் செலவோ தொழில் நெருக்கடியோ வங்கியின் வேகத்துக்குக் காத்திருக்காது. தனியாரிடம் போகிறார்கள். அந்தத் தனியாருக்கு நீதிமன்றமும் ஏலமும் வேண்டாம். கிராண்ட் தன் பெயரில் இருந்தால்தான் நிம்மதி. எனவே 14ஏ படிவத்தில், அதாவது நில உரிமையை மாற்றும் படிவத்தில், கையெழுத்து வாங்குகிறார். குறித்த தேதிக்குள் பணம் வந்தால் நிலத்தைத் திருப்பி எழுதித் தருவதாகத் தனியே ஓர் ஒப்பந்தம் எழுதப்படும். சில சமயம் அந்த ஒப்பந்தம் வாய்ச்சொல்லாகவே நின்றுவிடும்.

இது புதிய உத்தி அன்று. மலாய்க் கிராமங்களில் நெடுங்காலமாக வழங்கிவந்த ஜுவால் ஜன்ஜி என்னும் முறை இதே அமைப்புடையது. நிலத்தை எழுதிக் கொடுத்துப் பணம் பெறுவார்கள். கடன் கொடுத்தவர் நிலத்தைக் கையில் வைத்து விளைச்சலை அனுபவிப்பார். வட்டி வாங்குவதற்குச் சமயத் தடை இருந்ததால் அந்த விளைச்சலே அவருடைய வருவாய். தவணைக்குள் பணம் திரும்பினால் நிலம் திரும்பும். திரும்பாவிட்டால் ஜுவால் புத்தூஸ், அதாவது முற்றான விற்பனை, ஆகிவிடும். நகரங்களிலும் தோட்டப்புறங்களிலும் நிலப்பிணைக் கடனில் நம் நகரத்தார் பெரும்பங்கு வகித்தார்கள் என்பது இந்நாட்டு வரலாறு. கோலாலம்பூரின் லெபோ அம்பாங்கும் ஜார்ஜ்டவுனின் பினாங்குத் தெருவும் அவர்களுடைய கிட்டங்கிகளால், அதாவது வட்டித்தொழில் நடந்த கடைவீடுகளால், பெயர்பெற்றவை. மலாய்க்காரர்களின் நிலங்கள் கடனுக்காகப் பிறர் கைக்குப் போய்விடும் என்ற அச்சமே, 1913-இல் மலாய் ஒதுக்கீட்டு நிலச் சட்டம் கொண்டுவரப்பட்டதற்கு ஒரு முக்கியக் காரணம். பத்திரம் விற்பனையா அடமானமா என்ற கேள்வி இந்நாட்டின் நில அரசியலோடு அவ்வளவு நெருக்கமாகப் பிணைந்தது.

பினாங்கின் பழைய பத்திரங்கள்: ஒரு தனி எச்சரிக்கை

பினாங்கில் மூதாதையர் சொத்து உள்ள குடும்பங்களுக்கு இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். 1966-க்கு முன் பினாங்கிலும் மலாக்காவிலும் நில உரிமை, ஆங்கிலேய முறைப்படி, பத்திரங்களின் சங்கிலியால் நிரூபிக்கப்பட்டது. மற்ற மாநிலங்களில் இருந்ததைப் போன்ற உரிமைப் பதிவேடு அங்கே இல்லை. அந்த ஆங்கில முறையில் சாதாரண அடமானமே பெயர்மாற்றப் பத்திரமாகத்தான் எழுதப்படும்: நிலம் கடன் கொடுத்தவருக்கு மாற்றப்பட்டதாகச் சொல்லி, கடன் தீர்ந்தால் திருப்பி மாற்றித் தரப்படும் என்ற நிபந்தனையைச் சேர்த்திருப்பார்கள். ஆகவே தாத்தாவின் பெட்டியிலிருந்து எடுத்த பழைய பத்திரத்தின் முதல் பக்கத்தை மட்டும் படித்து "தாத்தா விற்றுவிட்டார்" என்றோ, "தாத்தா வாங்கினார்" என்றோ முடிவுகட்டக் கூடாது. நிபந்தனைப் பகுதி இருக்கிறதா, பின்னால் திருப்பி எழுதிய பத்திரம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். பினாங்கு, மலாக்கா நில உரிமைகளைப் புதிய பதிவேட்டுக்குக் கொண்டுவருவதற்கென்றே 1963-இல் ஒரு தனிச் சட்டம் இயற்றப்பட்டது. இன்றைய நிலையை அறியப் பதிவேட்டில் தேடிப் பார்ப்பதே சரி.

இதுவரை பார்த்ததன் சாரம்: நிலத்தைப் பிணையாக்க சார்ஜ் என்ற பாதுகாப்பான வழி உண்டு, அதைத் தவிர்த்துப் பெயர்மாற்றத்தையே பிணையாகப் பயன்படுத்தும் வழக்கமும் நெடுநாளாக உண்டு, தகராறு பிறப்பது இரண்டாவதில்தான்.

பதிவேடு சொல்வதும் ஒப்பந்தம் சொல்வதும்

நம் நில முறைக்கு டோரன்ஸ் முறை என்று பெயர். ஆஸ்திரேலியாவில் தோன்றிய இந்த முறையில், உரிமைக்குச் சான்று பதிவேடு. அதில் எவர் பெயர் இருக்கிறதோ அவரே உரிமையாளர். தேசிய நிலச் சட்டத்தின் 340-ஆவது பிரிவு, பதிவு பெற்றவரின் உரிமை அசைக்க முடியாதது என்கிறது. மோசடி, பொய்யுரை, போலிக் கையெழுத்து, செல்லாத ஆவணம் போன்ற சில விதிவிலக்குகளையும் அதே பிரிவு தருகிறது. "பெயர் மாறிவிட்டால் முடிந்தது" என்று சொல்பவர்கள், இப்பிரிவின் முதற்பாதியை மட்டும் எங்கோ கேட்டவர்கள்.

அதே சட்டத்தின் 206-ஆவது பிரிவில், மூன்றாவது உட்பிரிவில், அமைதியாக ஒரு வரி இருக்கிறது. நிலம் பற்றிய ஓர் ஒப்பந்தம் பதிவு செய்யப்படாவிட்டாலும், ஒப்பந்தம் என்ற அளவில் அதன் செயற்பாடு பாதிக்கப்படாது என்று அது கூறுகிறது. இதன் பொருள் பெரிது. என் பெயரில் பதிவான நிலத்தை, பணம் கிடைத்ததும் உங்களுக்குத் திருப்பி எழுதித் தருவதாக நான் ஒப்புக்கொண்டிருந்தால், பதிவேடு என்னை உரிமையாளர் என்று சொன்னாலும் அந்த ஒப்பந்தம் என்னைக் கட்டுப்படுத்தும். உலகத்துக்கு முன் நான் உரிமையாளர். உங்களுக்கு முன் நான் வாக்குக் கொடுத்தவன். நீதிமன்றம் அந்த வாக்கை நிறைவேற்றச் சொல்லி எனக்கு ஆணையிடலாம். 1984-இல் கூட்டரசு நீதிமன்றம், சட்டத்தில் சொல்லப்பட்ட படிவங்களில் அமையாத பிணை ஒப்பந்தங்களையும் நம் நிலச் சட்டம் தடுக்கவில்லை என்று விளக்கியது.

ஆனால் இந்த உரிமைக்கு ஓர் எல்லை உண்டு. 1917-இல், அன்று இந்நாட்டு வழக்குகளுக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில், சிலாங்கூர் நிலம் ஒன்றைப் பற்றிய வழக்கில் தீர்ப்பளித்தது. அங்கேயும் இதே கதைதான்: கடனுக்காக நிலம் எழுதிக் கொடுக்கப்பட்டது, தவணைக்குள் பணம் கட்டினால் திருப்பித் தருவதாகத் தனி ஒப்பந்தம், தவணை தவறியது, பல ஆண்டுகள் கழித்து வழக்கு. ஆங்கிலச் சட்டப்படி அடமானம் வைத்தவரின் மீட்பு உரிமை, அதாவது கடனைக் கட்டி நிலத்தை மீட்கும் உரிமை, எளிதில் அழிவதில்லை. தவணை தவறிய பின்னும் அது நீடிக்கும். கடன்காரர் அந்த உரிமையைத்தான் நம்பினார். அம்மன்றத்தின் நீதிபதி டனடின் பிரபு எழுதிய தீர்ப்போ, இது முற்றிலும் வேறான, பதிவை அடிப்படையாகக் கொண்ட நிலச் சட்டம் என்றும், ஆங்கிலக் கோட்பாடுகளை இங்கே அப்படியே கொண்டுவரக் கூடாது என்றும் சொன்னது. கடன்காரருக்கு இருந்தது ஒப்பந்த உரிமை மட்டுமே. அதற்கு வழக்குத் தொடுக்கும் காலமும் கடந்துவிட்டது. பின்னர் 1956-ஆம் ஆண்டின் குடிமைச் சட்டமும், தன் 6-ஆவது பிரிவில், ஆங்கில நில உடைமைச் சட்டம் இந்நாட்டுக்குள் நுழையாது என்று அறிவித்தது.

இந்த இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் தொடக்கத்தில் சொன்ன இரு கருத்துகளும் ஏன் தவறு என்பது விளங்கும். பெயர் மாறிய பின்னும் ஒப்பந்தம் உயிரோடு இருக்கிறது. எனவே முதல் கருத்து தவறு. ஆனால் இருப்பது ஒப்பந்த உரிமைதான். அதை நிரூபிக்க வேண்டும், காலத்துக்குள் கேட்க வேண்டும். எனவே இரண்டாவதும் தவறு.

நீதிமன்றம் எதைத் தேடுகிறது?

பத்திரத்தின் தலைப்பு விற்பனை ஒப்பந்தம் என்று இருப்பதால் மட்டும் அது விற்பனையாகிவிடாது. நீதிமன்றங்கள் வடிவத்தைவிட உட்பொருளைப் பார்க்கின்றன. ஆயினும் எழுத்துக்குரிய மதிப்பையும் அவை குறைப்பதில்லை. 1950-ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டம், எழுதி முடிக்கப்பட்ட ஒப்பந்தத்துக்கு முரணாக வாய்மொழிச் சாட்சி சொல்வதைப் பொதுவாகத் தடுக்கிறது. மோசடி, சட்டவிரோதம் போன்றவற்றைக் காட்டி ஆவணத்தையே செல்லாததாக்க அந்தத் தடை குறுக்கே நிற்காது. ஆகவே "எழுதியிருப்பது உண்மை அன்று" என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்கும் சுமையைத் தாங்க வேண்டும்.

எல்லா அடையாளங்களுக்கும் வேராக ஒரே கேள்வி இருக்கிறது என்பது என் கருத்து: பணம் கைமாறிய மறுநாளும் கடன் மிஞ்சியிருந்ததா? இதைச் சோதிக்க எளிய வழி, நிலத்தின் விலை பாதியாகச் சரிந்தது என்று கற்பனை செய்து பார்ப்பது. நட்டம் பெயர் மாற்றிக்கொண்டவருக்கு என்றால் அவர் வாங்கியவர். "நிலம் எப்படியோ போகட்டும், என் பணத்தை எண்ணி வை" என்று அவர் கேட்க முடியுமானால் அவர் கடன் கொடுத்தவர். மற்ற அடையாளங்கள் எல்லாம் இந்தக் கேள்விக்கு விடை தேடும் தடயங்களே.

ஒரு கற்பனை எடுத்துக்காட்டைக் கொள்வோம். கோலாலம்பூரின் செந்தூலில் 500,000 வெள்ளி (ரிங்கிட்) மதிப்புள்ள வீடு. உரிமையாளருக்கு அவசரமாக 150,000 வெள்ளி தேவை. விற்பனை ஒப்பந்தம் எழுதப்படுகிறது, 14ஏ படிவம் பதிவாகிறது, வீடு வேறொருவர் பெயருக்குப் போகிறது. ஆனால் பழைய உரிமையாளர் குடும்பத்தோடு அதே வீட்டில் தொடர்ந்து வசிக்கிறார். மாதம் 7,500 வெள்ளி "வாடகை" கட்டுகிறார். ஓர் ஆண்டுக்குள் 150,000 வெள்ளியைக் கொடுத்தால் வீடு திரும்பும் என்பது பேச்சு.

முதலில் விலையைப் பாருங்கள். ஐந்து லட்சம் பெறும் வீட்டை ஒன்றரை லட்சத்துக்கு மனமுவந்து விற்பவர் அரிது. ஒப்பந்தத்தில் 500,000 என்று எழுதிவிட்டு உண்மையில் 150,000 மட்டுமே கொடுத்திருந்தால், மீதி எங்கே போனது என்ற கேள்விக்கு வாங்கியவர் வங்கிக் கணக்கைக் காட்டி விடை சொல்ல வேண்டியிருக்கும். அடுத்தது அந்த மாதத் தொகை. அது பக்கத்து வீடுகளின் வாடகையோடு பொருந்துகிறதா, கொடுத்த பணத்தோடு பொருந்துகிறதா? 7,500 என்பது 150,000-இல் மாதம் 5 விழுக்காடு. ஆண்டுக்கு 60 விழுக்காடு. வாடகையாகப் பார்த்தால் பொருளற்றதாகவும் வட்டியாகப் பார்த்தால் துல்லியமாகவும் இருக்கும் எண், வழக்கில் பெரிய சாட்சி.

பிறகு வீட்டின் அனுபவம். சாவி கைமாறியதா? வாங்கியதாகச் சொல்பவர் வீட்டை வந்து பார்த்தாரா? நில வரியையும் மாநகர மன்ற மதிப்பீட்டு வரியையும் கட்டுவது யார்? தண்ணீர், மின்சாரக் கணக்குகள் எவர் பெயரில் உள்ளன? கூரை ஒழுகியபோது செலவு செய்தவர் யார்? முத்திரை வரியும் ஒரு தடயம். பெயர்மாற்றத்துக்கான முத்திரை வரி முதல் 100,000 வெள்ளிக்கு 1 விழுக்காடு, அதற்கு மேல் 500,000 வரை 2 விழுக்காடு என்ற கணக்கில் இந்த வீட்டுக்கு 9,000 வெள்ளி ஆகும். 150,000 வெள்ளிக் கடன் ஒப்பந்தத்துக்கு 0.5 விழுக்காடு வீதம் 750 வெள்ளிதான். வாங்குபவர் வழக்கமாகக் கட்டும் அந்தப் பெரிய தொகையை விற்றவரே, தான் பெற்ற பணத்திலிருந்து கழித்துக் கொடுத்திருந்தால், ஏன் என்று நீதிபதி கேட்பார்.

ஆவணங்கள் பிறந்த விதமும் பேசும். தேதியிடாத படிவங்கள், வெற்றுப் படிவத்தில் வாங்கிய கையெழுத்து, விற்பனை ஒப்பந்தத்தோடு அதே நாளில் எழுதிய மறுவிற்பனை ஒப்பந்தம், திரும்பப் பெற முடியாத அதிகாரப் பத்திரம், இரு தரப்புக்கும் ஒரே வழக்கறிஞர் ஆகியவை சேர்ந்து வரும்போது சந்தேகம் வலுக்கிறது. "இந்த மாத வட்டி இன்னும் வரவில்லை" என்று அனுப்பிய ஒரு வாட்ஸ்அப் செய்தி, பத்துப் பக்க ஒப்பந்தத்தின் நிறத்தையே மாற்றிவிடக்கூடும்.

மறுபக்கத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். உண்மையாகவே விற்றுவிட்டு, விலை ஏறிய பிறகு "அது கடன்தான்" என்று வந்து நிற்பவர்களும் உண்டு. திரும்ப வாங்கும் விருப்புரிமையோடு கூடிய விற்பனை என்பது முறையான ஏற்பாடு. அதில் விற்றவர் விரும்பினால் திரும்ப வாங்கலாம், விரும்பாவிட்டால் விட்டுவிடலாம், எவருக்கும் கடன்பட்டவர் அல்லர். விலை நியாயமாக இருந்து, வீட்டை ஒப்படைத்து, மாதக் கட்டணம் எதுவும் இல்லாதிருந்தால், திரும்ப வாங்கும் ஒரு வாசகம் இருப்பதால் மட்டும் அது அடமானமாகிவிடாது. ஒரே ஓர் அடையாளத்தைப் பிடித்துக்கொண்டு வழக்கு வெல்லலாம் என்று நினைப்பது தவறு. நீதிமன்றம் எல்லாவற்றையும் சேர்த்து எடைபோடுகிறது.

தமிழ்நாட்டு விளக்கங்களைப் படிப்பவர்களுக்கு

தமிழில் இப்பொருள் பற்றித் தேடுபவர் கண்ணில் படுவது பெரும்பாலும் இந்தியச் சட்ட விளக்கங்கள். இந்தியாவின் 1882-ஆம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டம், நிபந்தனை விற்பனை வடிவிலான அடமானத்தை 58-ஆவது பிரிவில் ஒரு தனி வகையாகவே ஏற்கிறது. 1929-இல் அதில் ஒரு நிபந்தனை சேர்க்கப்பட்டது: திருப்பித் தரும் வாசகம் விற்பனைப் பத்திரத்திலேயே இல்லாவிட்டால் அதை அடமானமாகக் கருத முடியாது. இங்கே அப்படி ஒரு விதி இல்லை. நம்மிடம் பெயர்மாற்றம் அச்சிட்ட படிவத்தில் நடப்பதால், திருப்பித் தரும் ஒப்பந்தம் தனி ஏட்டில் இருப்பதே இயல்பு. "தனிப் பத்திரமாக எழுதியதால் உங்கள் வழக்கு நிற்காது" என்று சென்னையிலுள்ள உறவினர் சொன்னால், அவர் தம் நாட்டுச் சட்டத்தைச் சரியாகச் சொல்கிறார். அது செந்தூல் வீட்டுக்குப் பொருந்தாது.

வட்டிக்கடன் சட்டம் நுழையும் இடம்

பத்திரம் உண்மையில் கடன் என்று தெரிந்துவிட்டால், உடனே அடுத்த கேள்வி எழுகிறது: கடன் கொடுத்தவருக்கு உரிமம் உண்டா? 1951-ஆம் ஆண்டின் கடன் கொடுப்போர் சட்டப்படி வட்டிக்குக் கடன் கொடுப்பதைத் தொழிலாகச் செய்பவர் உரிமம் பெற்றிருக்க வேண்டும். பிணையுள்ள கடனுக்கு ஆண்டுக்கு 12 விழுக்காட்டுக்கு மேலும், பிணையில்லாக் கடனுக்கு 18 விழுக்காட்டுக்கு மேலும் வட்டி வாங்கக் கூடாது. நம் எடுத்துக்காட்டில் 150,000 வெள்ளிக்கு 12 விழுக்காடு என்றால் மாதம் 1,500 வெள்ளி, வாங்கப்பட்டதோ 7,500.

உரிமம் இல்லாதவர் செய்த கடன் ஒப்பந்தத்தை நீதிமன்றத்தின் வழியாக நிறைவேற்ற முடியாது. விற்பனை ஒப்பந்தம் என்ற வேடம் போடப்படுவதற்கு இதுவே பெரும்பாலும் உண்மையான காரணம் என்று நான் கருதுகிறேன். இப்போது 10ஓஏ என்னும் பிரிவின்படி, ஒருவர் கடன் கொடுப்பவர் என்று வழக்கில் குற்றஞ்சாட்டப்படும்போது, அவர் வட்டிக்குக் கொடுத்த ஒரே ஒரு கடனை நிரூபித்தாலே, அவர் அதைத் தொழிலாகச் செய்கிறார் என்ற அனுமானம் எழுகிறது. அதை மறுக்கும் சுமை அவருடையது. அவர் மறுத்து வெல்லவும் கூடும். நண்பருக்கு ஒருமுறை உதவியவர் என்று காட்டலாம். ஒப்பந்தம் செல்லாது என்று தீர்ந்தால் வாங்கிய முதலைத் திருப்பித் தர வேண்டியதே இல்லை என்று எவரும் தாமாக முடிவு செய்துகொள்ளக் கூடாது. அது வழக்கின் உண்மைகளைப் பொறுத்து நீதிமன்றம் தீர்மானிப்பது.

சுருங்கச் சொன்னால், வழக்கில் மூன்று அடுக்குகள் உள்ளன: பதிவேட்டில் யார், ஒப்பந்தம் உண்மையில் என்ன, அந்த ஒப்பந்தம் சட்டத்துக்கு உட்பட்டதா. வழக்கறிஞரிடம் போகும்போது இந்த மூன்றுக்கும் தனித்தனியே தாள்களைச் சேர்த்துக்கொண்டு போவது நல்லது.

தவணை தவறினால்

மிகவும் சிக்கலான இடம் இதுதான். ஒப்பந்தத்தில் குறித்த தேதி கடந்துவிட்டால் நிலம் நிரந்தரமாகப் போய்விடுமா? இதில் நம் நீதிமன்றங்கள் எல்லாக் காலத்திலும் ஒரே குரலில் பேசவில்லை. தவணை என்பது ஒப்பந்தத்தின் உயிர், அது கடந்ததும் விற்பனை முற்றாகிவிடுகிறது என்று தீர்த்த வழக்குகள் உண்டு. பணம் கொடுத்தவர் தவணைக்குப் பின்னும் வட்டி வாங்கிக்கொண்டே இருந்தால், தேதியை அவரே முக்கியமாகக் கருதவில்லை என்று வாதிட இடமுண்டு. ஆகவே தவணை நெருங்கும்போது செய்ய வேண்டியது, பணம் தயாராக இருந்தால் அதை எழுத்து மூலம் முன்வைப்பது. நீட்டிப்பு வேண்டுமானால் அதையும் எழுத்து மூலம் பெறுவது. "அண்ணன் பார்த்துக்கொள்கிறேன் என்றார்" என்பதைச் சாட்சிக் கூண்டில் நிரூபிப்பது கடினம்.

வழக்குத் தொடுப்பதற்கும் காலவரம்பு இருக்கிறது. 1953-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டத்தில் ஒப்பந்த மீறலுக்கு 6 ஆண்டுகள், நிலத்தை மீட்கும் வழக்குக்கு 12 ஆண்டுகள் என்று உள்ளது. உங்கள் வழக்கு எந்த வகையைச் சேர்ந்தது, எந்த நாளிலிருந்து எண்ண வேண்டும் என்பதே நீதிமன்றத்தில் வாதத்துக்குரிய பொருளாகலாம். எனவே குறைந்த காலத்தையே கணக்கில் வைத்துச் செயல்படுவது விவேகம்.

நிலம் மூன்றாவது கைக்குப் போகும் முன்

இதுவரை சொன்ன ஒப்பந்த உரிமை, வாக்குக் கொடுத்தவரைத்தான் கட்டுப்படுத்துகிறது. அவர் நிலத்தை வேறொருவருக்கு விற்றுவிட்டாலோ, அதை வங்கியில் வைத்துக் கடன் எடுத்துவிட்டாலோ நிலைமை மாறிவிடுகிறது. நல்லெண்ணத்தோடும் விலை கொடுத்தும் வாங்கிய பிந்தைய உரிமையாளரை 340-ஆவது பிரிவு பாதுகாக்கிறது. பினாங்கின் தஞ்சோங் புங்கா நிலம் பற்றிய ஒரு வழக்கில், போலிக் கையெழுத்தால் மாற்றப்பட்ட நிலத்தை வாங்கிய முதல் ஆளுக்கே இந்தப் பாதுகாப்பு உண்டு என்று 2000-ஆம் ஆண்டின் இறுதியில் கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்து, நாடெங்கும் நில உரிமையாளர்களைக் கலங்கச் செய்தது. 2010 ஜனவரியில் அதே நீதிமன்றம் அது தவறான தீர்ப்பு என்று கூறி, பாதுகாப்பு அடுத்தடுத்து வாங்கியவர்களுக்கே என்று திருத்தியது. திருத்தத்துக்குப் பின்னும் அந்த அடுத்த ஆள் பாதுகாக்கப்படுகிறார் என்பதை மறக்கக் கூடாது.

அந்தக் கதவை அடைப்பதற்கு உள்ள கருவியின் பெயர் தனியார் கேவியட். நிலத்தில் தமக்கு உரிமைக் கோரிக்கை உண்டு என்று ஒருவர் 19பி படிவத்தில் விண்ணப்பித்தால், பதிவேட்டில் ஒரு தடைக்குறிப்பு ஏறும். அது இருக்கும்வரை புதிய பெயர்மாற்றமோ சார்ஜோ பதிவாகாது. நீக்கப்படாவிட்டால் அது 6 ஆண்டுகள் நிற்கும். எதிர்த்தரப்பு அதை நீக்கக் கோரலாம்; அப்போது விசாரிக்கத்தக்க உண்மையான கோரிக்கை இருக்கிறதா என்று நீதிமன்றம் பார்க்கும். அடிப்படையில்லாமல் கேவியட் போட்டு எதிர்த்தரப்புக்கு நட்டம் விளைவித்தால் ஈடு கொடுக்க நேரிடும் என்பதால், கோபத்தில் போடும் கருவியாக அதைக் கருதக் கூடாது. வழக்குக்கு முன்னால் செய்யும் முதல் வேலையாக, கூட்டரசுப் பிரதேச நிலத்துக்குக் கோலாலம்பூர் நில அலுவலகத்திலும், பினாங்கு நிலத்துக்கு அம்மாநில நில அலுவலகத்திலும் கிராண்ட் எண்ணைக் கொடுத்துத் தேடல் செய்து, இன்று பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறது, அதன்மேல் சார்ஜோ கேவியட்டோ ஏறியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். வழக்கறிஞருக்குக் கட்டணம் கொடுக்க இயலாதவர்கள் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையங்களை நாடி ஆலோசனை கேட்கலாம். அவை கோலாலம்பூரிலும் பினாங்கிலும் உள்ளன.

இன்னும் கையெழுத்திடாதவராக இருந்தால், கேட்க வேண்டியது ஒன்றுதான்: "இது பிணைக்காக மட்டும்தான் என்றால், சார்ஜாகப் பதிவு செய்துகொள்ளலாமே?" முறையாகக் கடன் கொடுப்பவருக்கு அதனால் எந்த நட்டமும் இல்லை, அவருடைய பணத்துக்குச் சட்டமே காவல் நிற்கிறது. அதற்கு மறுத்து, பெயர்மாற்றம்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடிப்பவரிடம், கடன் தொகை, வட்டி வீதம், தவணை, திருப்பி எழுதித் தரும் கடமை ஆகிய நான்கையும் எழுதிக் கையெழுத்திட்டு முத்திரையிட்ட ஒப்பந்தம் கேளுங்கள். உங்களுக்கென்று தனி வழக்கறிஞரை வைத்து அதைப் படிக்கச் சொல்லுங்கள். அதையும் மறுப்பாரானால் அந்தப் பணத்தை வாங்காமல் எழுந்து வந்துவிடுங்கள்.